ஹின்ஸ்டேல் குளம், மேவுட் குளம்: சிகாகோ வெஸ்ட் சபர்பன் கான்ஃபரன்ஸ் பத்தி ஒரு நிகழ்வு ஆய்வு

2018 டிசம்பர்ல சிகாகோவுக்கு மேற்கால இருக்குற ஹின்ஸ்டேல்ல ஸ்கூல் போர்டு கூடி, அடுத்த கல்வியாண்டுலேர்ந்து ஃபுட்பால் (அமெரிக்க ஃபுட்பால், நம்ம கால்பந்து இல்ல) கிடையாது, நீச்சல் கிடையாது, மார்ச்சிங் பேண்ட் கிடையாதுன்னு ஒரு வெட்டுப் பட்டியலுக்கு ஒப்புதல் குடுத்துச்சு. ஏப்ரல்ல திரும்ப ஒரு ஓட்டெடுப்பு, அதுல ஜனங்க பணத்துக்குச் சரின்னு சொன்னா இதெல்லாம் தப்பிக்கும், இல்லன்னா போச்சு. இது ஏழை ஊரா இருந்தா யாரும் திரும்பிப் பாத்திருக்க மாட்டாங்க. ஆனா ஹின்ஸ்டேல் சிகாகோ சுத்துவட்டாரத்துலயே வசதியான ஊர்கள்ல ஒண்ணு, அங்க இருக்குற ஹின்ஸ்டேல் சென்ட்ரல் ஸ்கூல் நீச்சல்ல 1967லேர்ந்து 1978 வரைக்கும் தொடர்ந்து 12 வருஷம் இல்லினாய் மாநில சாம்பியன். அந்த ஸ்கூல்ல நீச்சலை நிறுத்தப் போறோம்ங்கறாங்க.

இதை ஒரு ஸ்கூல் பட்ஜெட் சண்டைன்னு படிச்சுட்டு விட்டுடலாம். எனக்கு அப்படி விட முடியல, ஏன்னா இந்த ஸ்கூல் தனியா இல்ல, வெஸ்ட் சபர்பன் கான்ஃபரன்ஸ்னு அப்போ 14 ஸ்கூல் சேர்ந்திருந்த ஒரு அமைப்புல இருக்கு, அதே அமைப்புல பத்து மைல் கூட தள்ளி இல்லாத மேவுட் ஊரோட ஸ்கூலும் இருக்கு, அந்த மேவுட்லயும் ஒரு காலத்துல நீச்சல் குளத்துக்காக ஒரு போராட்டம் நடந்துச்சு, அது வேற மாதிரி முடிஞ்சுது. ரெண்டையும் சேர்த்து வெச்சுப் பாத்தாத்தான் இங்க ஸ்கூலுக்கும் ஸ்கூலுக்கும் இருக்குற போட்டி எதுலேர்ந்து முளைக்குதுன்னு புரியும்னு நினைக்கிறேன்.

மொதல்ல கான்ஃபரன்ஸ்னா என்னன்னு சொல்லிடறேன். அமெரிக்காவுல ஒவ்வொரு ஹை ஸ்கூலும் பக்கத்துல இருக்குற சில ஸ்கூலோட கூட்டு சேர்ந்துக்கும், அந்தந்த ஸ்கூலோட விளையாட்டு இயக்குநர்கள் உக்காந்து யார் யாரோட எந்த வாரம் ஆடறதுன்னு அட்டவணை போடுவாங்க, சீசன் முடிவுல கான்ஃபரன்ஸ் சாம்பியன்னு ஒருத்தர் வருவாங்க. மாநில அளவுல நடக்குற ப்ளேஆஃப், அதாவது சீசன் முடிஞ்சு தோத்தா வெளியன்னு நடக்குற சுற்று, வேற, அதை நடத்தறது இல்லினாய் ஹை ஸ்கூல் அசோசியேஷன். மேலோட்டமா பாத்தா இது வெறும் அட்டவணைதான். ஆனா வருஷா வருஷம், தலைமுறை தலைமுறையா அதே ஆளுங்களோட ஆடும்போது அட்டவணைக்கு உயிர் வந்துடுது. தாத்தா எந்த ஸ்கூல்கிட்ட தோத்தாரோ அதே ஸ்கூல்கிட்ட பேரன் ஜெயிக்கணும்னு வீட்டுல பேச்சு நடக்கும்.

இந்த 14 ஸ்கூலும் அப்போ ரெண்டு டிவிஷனா இருந்துச்சு. சில்வர்ல ஹின்ஸ்டேல் சென்ட்ரல், லயன்ஸ் டவுன்ஷிப், டவுனர்ஸ் க்ரோவ் நார்த், க்ளென்பார்ட் வெஸ்ட், யார்க், ஓக் பார்க் ரிவர் ஃபாரஸ்ட், ப்ரொவிசோ வெஸ்ட். கோல்டுல ஹின்ஸ்டேல் சவுத், டவுனர்ஸ் க்ரோவ் சவுத், ப்ரொவிசோ ஈஸ்ட், வில்லோப்ரூக், ஆடிசன் ட்ரெயில், லெய்டன், மார்ட்டன். பல வருஷமா இருந்த ஏற்பாடு இது. கான்ஃபரன்ஸோட வேர் 1920கள்ல இருக்கு, அப்புறம் பக்கத்து லீக்கெல்லாம் உடைஞ்சு உடைஞ்சு வந்து இதுல சேர்ந்துச்சு, ஓக் பார்க், ப்ரொவிசோ, மார்ட்டன் எல்லாம் முன்னாடி சபர்பன் லீக்னு வேற ஒண்ணுல இருந்தவங்க.

மேப்பை எடுத்து வெச்சா ரெண்டு ரயில் பாதை தெரியும். பழைய பர்லிங்டன் லைன் மேல லக்ராஞ்ச், வெஸ்டர்ன் ஸ்பிரிங்ஸ், ஹின்ஸ்டேல், டவுனர்ஸ் க்ரோவ். யூனியன் பசிஃபிக் வெஸ்ட் லைன் மேல ஓக் பார்க், ரிவர் ஃபாரஸ்ட், மேவுட், எல்ம்ஹர்ஸ்ட், வில்லா பார்க், க்ளென் எல்லின். இந்த ஊர்களை வளர்த்ததே ரயில்தான், ஸ்டேஷனைச் சுத்தி கடைத்தெரு, கடைத்தெருவைச் சுத்தி வீடு, நடந்து போற தூரத்துல ஹை ஸ்கூல். லக்ராஞ்ச்ல இருக்குற லயன்ஸ் டவுன்ஷிப்புக்கும் ஹின்ஸ்டேல் சென்ட்ரலுக்கும் இருக்குற பகை இந்த ரயில் பகைதான், ஒரே ட்ரெயின்ல காலையில சிகாகோவுக்கு வேலைக்குப் போற அப்பாங்க, ஒருத்தர் இங்க ஏறுவார் இன்னொருத்தர் நாலு ஸ்டேஷன் தள்ளி ஏறுவார், வெள்ளிக்கிழமை சாயங்காலம் பசங்க ஆடற மேட்சு பத்தி திங்கக்கிழமை அதே பெட்டியில பேச்சு ஓடும்.

நான் இங்க முக்கியமா பாக்கறது இன்னொரு விஷயம். டிவிஷன் பட்டியலைத் திரும்பப் படிங்க. ஹின்ஸ்டேல் சென்ட்ரலும் சவுத்தும் ஒரே டிஸ்ட்ரிக்ட் (ஸ்கூல்களை நடத்தற உள்ளூர் நிர்வாகம்), ஒரே போர்டு, ஒரே வரிப்பணம், ஆனா ஒண்ணு சில்வர் ஒண்ணு கோல்டு. டவுனர்ஸ் க்ரோவ் நார்த்தும் சவுத்தும் அதே மாதிரி. ப்ரொவிசோ வெஸ்டும் ஈஸ்டும் அதே மாதிரி. மூணு டிஸ்ட்ரிக்ட்லயும் அக்கா தங்கச்சி ஸ்கூலைப் பிரிச்சு ரெண்டு பக்கம் வெச்சிருந்தாங்க. அதனால ஒரே சர்ச்சுக்குப் போற, ஒரே கடையில வேலை பாக்குற, மிடில் ஸ்கூல் வரைக்கும் ஒரே சம்மர் டீம்ல ஆடின பசங்க, ஹை ஸ்கூல்ல எதிரெதிரா ஆடற மேட்சு டிவிஷன் கணக்குல சேராது. டவுனர்ஸ் க்ரோவ்ல நார்த் சவுத் மேட்சு அன்னிக்கு ஊரே ரெண்டா நிக்கும், ஆனா டிவிஷன் பட்டத்துக்கு அதுல ஒரு புள்ளி கிடையாது. எனக்கு இது நல்ல ஏற்பாடாத் தெரியல. பக்கத்து வீட்டுக்காரனோட ஆடற ஆட்டத்துக்குத்தான் அதிக எடை இருக்கணும்.

சிகாகோ பக்கத்து லெமான்ட்ல இருக்குற இந்துக் கோயிலுக்குப் போற நம்ம ஆளுங்க பலருக்கு டேரியன் பக்கம் பழக்கம், அங்கதான் ஹின்ஸ்டேல் சவுத் இருக்கு, பேர்ல ஹின்ஸ்டேல் இருந்தாலும் ஹின்ஸ்டேல் ஊருக்குள்ள இல்ல. 1960கள்ல கூட்டம் தாங்காம திறந்த ரெண்டாவது ஸ்கூல் அது. கட்டின நாள்லேர்ந்து தங்கச்சி ஸ்கூல்ங்கற பேரை அது சுமந்துக்கிட்டு இருக்கு. இடையில சில தெருக்களுக்கு எந்த ஸ்கூல் வேணும்னு வீட்டுக்காரங்களே தேர்ந்தெடுக்கலாம்னு ஒரு விதி இருந்துச்சு, பெரும்பாலும் எல்லாரும் சென்ட்ரலைத் தேர்ந்தெடுத்தாங்க, சென்ட்ரல் பிதுங்குச்சு, சவுத்ல இடம் காலியா கிடந்துச்சு. எல்லைக்கோட்டை மாத்தலாம்னு யார் பேச்செடுத்தாலும் சண்டை வந்துச்சு, ஏன்னா எந்த ஸ்கூலுக்குப் போகும்ங்கறதை வெச்சுத்தான் வீட்டோட விலையே. இதை மனசுல வெச்சுக்கோங்க, 2018 சண்டைக்கு விதை இங்கதான்.

அதுக்கு முன்னாடி க்ளென் எல்லின் மைதானம் பத்தி கொஞ்சம் சொல்லிக்கறேன், ஏன்னா இந்த கான்ஃபரன்ஸை எனக்குப் புடிக்க வெச்சதே அந்த இடம்தான். க்ளென்பார்ட் வெஸ்ட் ஸ்கூல் ஒரு மேட்டு மேல கோட்டை மாதிரி நிக்கும், அதனாலதான் டீமுக்கு ஹில்டாப்பர்ஸ்னு பேர். மேட்டுக்குக் கீழ டூஷான் ஃபீல்டு, அதை ஒட்டி எல்லின் ஏரி. அக்டோபர் மாசம் சனிக்கிழமை மத்தியானம் மேட்சு. மத்த ஊர்ல எல்லாம் வெள்ளிக்கிழமை ராத்திரி விளக்கு வெளிச்சத்துல ஆடும்போது இங்க பகல்லதான். நான் போன அன்னிக்கு இலையெல்லாம் செவந்து கிடந்துச்சு, ஏரிப் பக்கத்துலேர்ந்து காத்து குளிரா வந்துச்சு, பச்சை ஜெர்சி போட்ட பசங்க மேட்டுலேர்ந்து ஒருத்தர் பின்னால ஒருத்தர் இறங்கி வந்தாங்க, எனக்குப் பக்கத்துல நின்ன பெரியவர் ஒருத்தர் பழைய ஸ்கூல் ஜாக்கெட் போட்டுக்கிட்டு ஒவ்வொரு ப்ளேவுக்கும் மொதல்லயே இப்ப லெஃப்ட்ல ஓடுவான் பாருன்னு சொல்லிக்கிட்டே இருந்தார், பாதி நேரம் அவர் சொன்னதுதான் நடந்துச்சு. ஐம்பது வருஷமா அதே எதிராளியப் பாக்கறவருக்கு அது தெரியாம இருக்குமா.

சரி, மேவுட்.

1969 மார்ச்ல மேவுட்டோட ப்ரொவிசோ ஈஸ்ட் பேஸ்கட்பால்ல மாநில சாம்பியன் ஆச்சு. டீமோட நடுத்தூண் ஜிம் ப்ரூவர். ஊரே கொண்டாடுச்சு. ஆனா அதே காலகட்டத்துல அந்த ஸ்கூலுக்குள்ள கறுப்பின மாணவர்களுக்கும் வெள்ளை மாணவர்களுக்கும் நடுவுல கொந்தளிப்பு ஓடிக்கிட்டு இருந்துச்சு. அந்த ஸ்கூல்ல 1966ல படிச்சு முடிச்ச ஒரு பையன், படிப்புலயும் நல்ல பேர், விளையாட்டுலயும் நல்ல பேர், பேரு ஃப்ரெட் ஹாம்ப்டன். கறுப்பின மக்களோட உரிமைக்காகப் பாடுபடற என்ஏஏசிபி அமைப்போட வெஸ்ட் சபர்பன் கிளையில இளைஞர் பிரிவுக்கு அவர்தான் தலைவர். அதே வெஸ்ட் சபர்பன்ங்கற பேர்தான். அவர் கையில எடுத்த கோரிக்கைகள்ல முக்கியமானது என்ன தெரியுமா, மேவுட்ல கறுப்பினக் குழந்தைங்களும் போயி குளிக்கற மாதிரி ஒரு பொது நீச்சல் குளம். பக்கத்து ஊர்கள்ல குளம் இருந்துச்சு, ஆனா இவங்களுக்குக் கதவு திறக்கல. வெயில் காலத்துல குழந்தைங்க எங்க போவாங்கன்னு கேட்டு ஊர்வலம் போனார், கிராம சபைக் கூட்டத்துல போய் நின்னார். அப்புறம் கறுப்பின உரிமைக்காகத் தீவிரமா இறங்கின பிளாக் பேந்தர் கட்சியில சேர்ந்து இல்லினாய் கிளையோட தலைவர் ஆனார். 1969 டிசம்பர் 4 விடியக்காலையில சிகாகோவுல அவர் தங்கியிருந்த வீட்டுல போலீஸ் நுழைஞ்சு சுட்டதுல செத்துப் போனார். வயசு 21. அவர் படிச்ச ஸ்கூல் மாநிலக் கோப்பை தூக்கி ஒன்பது மாசம்கூட ஆகல.

அதே வருஷங்கள்ல ஹின்ஸ்டேல்ல என்ன நடந்துச்சுன்னு பாருங்க. டான் வாட்சன்னு ஒரு கோச், ஸ்கூல் டீமையும் உள்ளூர் நீச்சல் கிளப்பையும் சேர்த்து வளர்த்தார். அவர்கிட்ட பழகின ஜான் கின்செல்லா 1968 மெக்சிகோ ஒலிம்பிக்ஸ்ல 1500 மீட்டர்ல வெள்ளி வாங்கினப்போ இன்னும் ஹை ஸ்கூல் மாணவன். அப்புறம் அந்த தூரத்தை 16 நிமிஷத்துக்குள்ள நீந்தின மொத ஆளும் அவர்தான். 1972 ம்யூனிக் ஒலிம்பிக்ஸ்ல கின்செல்லாவும் ஹின்ஸ்டேலைச் சேர்ந்த இன்னொரு பையன் ஜான் மர்ஃபியும் ஆளுக்கொரு ரிலே தங்கம் வாங்கினாங்க, ரெண்டு ரிலேலயும் கூட நீந்தினவர் மார்க் ஸ்பிட்ஸ். அதே ம்யூனிக்ல அமெரிக்க பேஸ்கட்பால் டீம்ல மேவுட் ஜிம் ப்ரூவர் இருந்தார், சோவியத் யூனியன்கிட்ட 51க்கு 50ன்னு தோத்து, கடைசி மூணு செகண்டைத் திரும்பத் திரும்ப ஆட வெச்சாங்கன்னு வெள்ளியை வாங்க மாட்டோம்னு சொன்ன டீம் அது. பத்து மைலுக்குள்ள இருக்குற ரெண்டு ஊர், ஒரே ஒலிம்பிக்ஸ். ஒரு ஊருக்குக் குளம் இருந்துச்சு, ஒரு ஊருக்கு ஜிம், அதாவது பேஸ்கட்பால் ஆடற உள்ளரங்கு, இருந்துச்சு, அதுக்கேத்த மாதிரிதான் ஆளுங்க வந்தாங்க. திறமை எந்த ஊர்லயும் ஒரே அளவுதான் பொறக்குது, எந்தக் கதவு திறந்திருக்கோ அது வழியாத்தான் வெளிய வரும்னு எனக்கு இதைவிடத் தெளிவா காட்டின உதாரணம் வேற இல்ல.

ப்ரொவிசோ ஈஸ்ட் ஜிம்லேர்ந்து வந்தவங்க பட்டியல் நீளம். 1974ல திரும்ப சாம்பியன். ப்ரூவரோட மருமான் டாக் ரிவர்ஸ் இங்க படிச்சவர்தான், பின்னால பாஸ்டன் டீமுக்கு கோச்சா இருந்து 2008ல என்பிஏங்கற அமெரிக்கத் தொழில்முறை லீக்கோட கோப்பை வாங்கினார். 1991ல மைக்கேல் ஃபின்லி, ஷெரல் ஃபோர்ட், டானி பாய்ஸ் மூணு பேரும் சேர்ந்து ஆடி மாநிலக் கோப்பை, அடுத்த வருஷம் அவங்க போனப்புறமும் ஒரு மேட்சு கூட தோக்காம 33-0ன்னு இன்னொரு கோப்பை. அந்த மூணு பேரையும் 1995 ட்ராஃப்ட்ல, அதாவது டீம்கள் முறை வெச்சுப் புது ஆட்டக்காரங்களைத் தேர்ந்தெடுக்கற நிகழ்வுல, என்பிஏ டீம்கள் எடுத்துக்கிச்சு, ஒரே ஹை ஸ்கூல், ஒரே டீம், ஒரே ட்ராஃப்ட். 2002ல டீ ப்ரவுன், 2003ல ஷானன் ப்ரவுன், அடுத்தடுத்த வருஷம் இல்லினாயோட சிறந்த ஹை ஸ்கூல் ஆட்டக்காரருக்குக் குடுக்கற மிஸ்டர் பேஸ்கட்பால் பட்டம் இதே ஸ்கூலுக்கு. ஆனா நீச்சல் பட்டியல்ல மேவுட் பேரைத் தேடினா கிடைக்காது.

அப்போ பணம்தான் எல்லாம்னு முடிச்சுடலாமான்னா, அதுவும் முடியாது, யார்க் இருக்கு. எல்ம்ஹர்ஸ்ட்ல இருக்குற யார்க் ஸ்கூல்ல ஜோ நியூட்டன்னு ஒரு கோச், 1950கள்லேர்ந்து 2016 வரைக்கும் இருந்தவர், க்ராஸ் கன்ட்ரி ஓட்டத்துல 28 மாநிலப் பட்டம், மொதல் பட்டம் 1962, கடைசிப் பட்டம் 2012. க்ராஸ் கன்ட்ரிக்கு ஜிம் வேணாம், குளம் வேணாம், ஷூ போதும். இருநூறு பசங்க வரைக்கும் டீம்ல சேர்த்துப்பார், யாரையும் உனக்கு இடமில்லன்னு அனுப்ப மாட்டார், பயிற்சி முடிஞ்சதும் ஒவ்வொரு பையனும் வரிசையில வந்து அவர் கையைக் குலுக்கிட்டுத்தான் வீட்டுக்குப் போகணும், ஒவ்வொருத்தனுக்கும் ஒரு பட்டப்பேர் வெச்சிருப்பார். இந்த ஓட்டத்துல மார்க் எப்படின்னா, ஒரு டீம்லேர்ந்து ஏழு பேர் ஓடுவாங்க, மொத அஞ்சு பேர் எத்தனாவதா வந்தாங்களோ அந்த எண்களைக் கூட்டணும், கம்மியா வர்றவங்க ஜெயிச்சாங்க. அதனால ஒருத்தன் மட்டும் சூரனா இருந்தா பிரயோஜனமில்ல, அஞ்சாவது ஆள் எங்க வர்றான்ங்கறதுதான் கோப்பையை முடிவு பண்ணும். பியோரியாவுல டெட்வைலர் பார்க்ல வருஷா வருஷம் மாநிலப் போட்டி, மூணு மைல், அகலமான புல்வெளியில எல்லா டீமும் ஒரே கோட்டுல நின்னு ஓட ஆரம்பிப்பாங்க, பச்சை ஜெர்சி கூட்டமா ஒண்ணா நகர்றது தூரத்துலேர்ந்தே தெரியும். அந்த அஞ்சாவது ஆளை உருவாக்கறது இருநூறு பேர் சேர்ந்த கூட்டம்தான், இருபது பேரை மட்டும் வெச்சுக்கிட்டு மிச்ச பேரை அனுப்பற கோச்சுக்கு அவன் கிடைக்கவே மாட்டான். நியூட்டன் 2017 டிசம்பர்ல காலமானார்.

இப்போ 2018க்கு வரேன். இல்லினாய்ல ஸ்கூலுக்கான பணத்துல பெரும்பங்கு உள்ளூர் சொத்து வரிலேர்ந்துதான் வருது. ஹின்ஸ்டேல் இருக்குற டுபேஜ் கவுன்ட்டியில அந்த வரி வருஷத்துக்கு இவ்வளவுக்கு மேல ஏறக்கூடாதுன்னு 1990கள்லேர்ந்து உச்சவரம்புச் சட்டம் இருக்கு. அதனால கூரை ஒழுகினாலும், குளம் பழசாப் போனாலும், பெருசா கட்டணும்னா ஜனங்ககிட்ட ஓட்டுக்குப் போகணும். சென்ட்ரல், சவுத் ரெண்டையும் நடத்தற டிஸ்ட்ரிக்ட் 86 போனாங்க. 2017ல கேட்டது தோத்துச்சு. 2018 நவம்பர்ல 166 மில்லியன் டாலர் கேட்டாங்க, அதுவும் தோத்துச்சு. வேணாம்னு ஓட்டுப் போட்டவங்க எல்லாரும் ஒரே காரணத்துக்காகப் போடல. பசங்க படிச்சு முடிச்சு வெளியூர் போன வயசானவங்களுக்கு வரி பாரம். சவுத் பக்கத்துக்காரங்கள்ல பலருக்கு, திரும்பவும் சென்ட்ரலுக்குத்தான் செய்யறீங்கன்னு கோபம். சென்ட்ரல் பக்கத்துலயும், இடம் காலியா இருக்குற ஸ்கூல் ஒண்ணு இருக்கும்போது இங்க ஏன் இவ்வளவு செலவுன்னு கேட்டவங்க உண்டு. அதாவது எல்லைக்கோட்டுச் சண்டைதான் பணச் சண்டையா வேஷம் போட்டு வந்துச்சு.

ரிப்பேரைத் தள்ளிப்போட முடியாதுன்னு போர்டு சொன்னது. கடன் வாங்க அனுமதி கிடைக்கலன்னா அன்றாடச் செலவுப் பணத்துலேர்ந்துதான் எடுக்கணும், அதுல சம்பளத்தையும் வகுப்பையும் தொடாம வெட்டணும்னா விளையாட்டுதான் மொதல்ல வெட்டுப்படும். டிசம்பர் தீர்மானம் அப்படித்தான் வந்துச்சு. பசங்களைப் பணயமா வெச்சு மிரட்டறாங்கன்னு ஒரு பக்கம், பணமில்லாம எப்படி நடத்தறதுன்னு இன்னொரு பக்கம். நான் ரெண்டு பக்கத்தையும் படிச்சேன். மிரட்டலா கணக்கான்னு பிரிச்சுச் சொல்றது கஷ்டம், ரெண்டும் கலந்துதான் இருந்துச்சு. ஆனா பெரியவங்க பத்து வருஷமா தீர்க்காம விட்ட எல்லைத் தகராறுக்கு பதினஞ்சு வயசுப் பசங்களோட சீசனை விலையா வெச்சது தப்பு, அதுல எனக்கு சந்தேகம் இல்ல.

இந்த வெட்டு நடந்திருந்தா அடி ஹின்ஸ்டேலோட நின்னிருக்காது, இதை அப்போ ரொம்பப் பேர் பேசல. ரெண்டு ஹின்ஸ்டேல் ஸ்கூலும் ரெண்டு டிவிஷன்ல இருக்கறதால ரெண்டு பக்கமும் ஃபுட்பால்ல ஆளுக்கு ஒரு டீம் போயிருக்கும். ஏழு டீம்ல ஆளாளுக்கு ஆறு டிவிஷன் மேட்சு, மொத்த சீசன் ஒன்பது மேட்சு. ஒரு டீம் விலகினா மிச்ச ஆறு பேருக்கும் ஆளுக்கொரு வாரம் காலியாகும். அப்போ இருந்த விதிப்படி ஒன்பதுல ஆறு ஜெயிச்சா ப்ளேஆஃப் கிட்டத்தட்ட உறுதி, அஞ்சு ஜெயிச்சா எதிராளிங்க எத்தனை ஜெயிச்சாங்கன்னு எண்ணிப் பாத்து இடம் குடுப்பாங்க. காலியான வாரத்துக்கு எங்கேயோ வெளியூர்ல ஆள் தேடணும், பஸ்சுக்குக் காசு, அதுவும் பலமான ஆளா பலவீனமான ஆளான்னு தெரியாது. டேரியன்ல ஓட்டுத் தோத்ததுக்கு ஆடிசன்ல இருக்குற பையன் ப்ளேஆஃப் இடத்தை இழக்கலாம். கான்ஃபரன்ஸ்ங்கறது ஒருத்தர் சட்டையை ஒருத்தர் புடிச்சுக்கிட்டு நிக்கற வரிசை மாதிரி, நடுவுல ஒருத்தர் உக்காந்துட்டா எல்லாருக்கும் இழுக்கும்.

அதே டிசம்பர் மாசத்துல மாநில அளவுலயும் இதே பிரச்சனை வேற முகத்தோட ஓடிக்கிட்டு இருந்தது ஆச்சரியமான விஷயம். இல்லினாய் முழுக்க ஸ்கூல்கள் தோத்துத் தோத்து வெறுத்துப்போய், சுலபமா ஆறு ஜெயிக்கற இடம் தேடி கான்ஃபரன்ஸ் மாறிக்கிட்டே இருந்தாங்க, நூறு வருஷப் பகையெல்லாம் அட்டவணையிலேர்ந்து காணாமப் போச்சு. இதை நிறுத்த, ஃபுட்பாலுக்கு மட்டும் கான்ஃபரன்ஸ் வேணாம், மாணவர் எண்ணிக்கையும் இடமும் பாத்து மாநில அசோசியேஷனே குழு பிரிக்கட்டும்னு ஒரு திட்டம், 2018 டிசம்பர்ல ஸ்கூல்கள் ஓட்டுப் போட்டு 324க்கு 307ன்னு நூலிழையில பாஸ் ஆச்சு, 2021லேர்ந்து அமல்னு முடிவு. ஒரே வருஷம். 2019 டிசம்பர்ல 374க்கு 241ன்னு அதை ரத்து பண்ணிட்டாங்க. யோசிச்சுப் பாக்க ஒரு வருஷம் கிடைச்சதும் பக்கத்து ஊர்க்காரனோட ஆடற மேட்சை விட்டுக்குடுக்க மனசு வரலன்னுதான் நான் அதைப் படிக்கிறேன்.

ஆனா இதோட மறுபக்கத்தையும் மறைக்கக் கூடாது. விட்டுக்குடுக்காம வெச்சுக்கிட்ட மேட்சுல எல்லாருக்கும் ஒரே சுகம் கிடைக்கறதில்ல. அப்போ இருந்த சில்வர்ல ப்ரொவிசோ வெஸ்ட் ஒரு பக்கம், ஹின்ஸ்டேல் சென்ட்ரல், க்ளென்பார்ட் வெஸ்ட் இன்னொரு பக்கம்னு வெச்சா, ஃபுட்பால்ல மோதறப்போ முன்னாடி கோடை முழுக்க எத்தனை பசங்க பயிற்சிக்கு வந்தாங்க, எத்தனை பேர் வீட்டுல வேலைக்குப் போக வேண்டியிருந்துச்சு, எத்தனை அசிஸ்டன்ட் கோச்சுக்கு சம்பளம் குடுக்க முடிஞ்சுதுங்கறதெல்லாம் ஸ்கோர்ல தெரியும். அம்பது பாயின்ட்ல தோக்கறது எந்தப் பையனுக்கும் பாடம் ஆகாது. இதுக்கு நான் பாக்கற வழி ஸ்கூலை வெளிய தள்ளறதில்ல, விளையாட்டுக்கு விளையாட்டு அட்டவணையை வேற வேறயா போடறது. பேஸ்கட்பால்ல யாரும் மேவுட்டைப் பாத்துப் பரிதாபப்பட வேண்டியதில்லயே. சிசரோ, பெர்வின் பக்கத்து மார்ட்டன் பசங்ககிட்ட கால்பந்து ஆடிட்டு வந்தவங்ககிட்ட கேளுங்க, அங்க அவங்க எவ்வளவு பலம்னு சொல்லுவாங்க. அதுபோல 2022ல க்ளென்பார்ட் வெஸ்ட் பேஸ்கட்பால்ல 37-1ன்னு மாநிலக் கோப்பை வாங்கினப்போ, அந்தப் பசங்க ப்ரொவிசோ மாதிரி ஸ்கூல்களோட ஜிம்ல ஆடி வளந்த கான்ஃபரன்ஸ்தான் அது. ஒரு விளையாட்டுல தோக்கறவங்க இன்னொண்ணுல ஜெயிக்கற இடமா இருக்கற வரைக்கும்தான் அது கூட்டு. ஒரே பக்கம் எல்லாத்துலயும் ஜெயிச்சா மத்தவங்க ஏன் இருக்கணும்?

2019 ஏப்ரல் 2. டிஸ்ட்ரிக்ட் 86 தொகையைக் குறைச்சு 139.8 மில்லியன் கேட்டாங்க. இந்தத் தடவை பசங்களே வீடு வீடாப் போனாங்க, கடைத்தெரு முழுக்க அட்டை நட்டாங்க, சென்ட்ரல் பெத்தவங்களும் சவுத் பெத்தவங்களும் சேர்ந்து நின்னாங்க. ஒரே டிவிஷன்ல கூட சேராத ரெண்டு ஸ்கூலும் அங்கதான் ஒரே டீமா ஆடினாங்க. ஓட்டு ஜெயிச்சுது. ஃபுட்பால் தப்பிச்சுது, பேண்ட் தப்பிச்சுது, ரெண்டு ஸ்கூல்லயும் நீச்சல் குள வேலைக்குப் பணம் வந்துச்சு. மார்ச் வரைக்கும் தன் கடைசி சீசன் இருக்கா இல்லயான்னு தெரியாம காலையில அஞ்சரை மணிக்கு எழுந்து பழைய குளத்துல பயிற்சிக்குப் போன பிள்ளைங்களை நினைச்சா அந்த வெற்றி எனக்கு சந்தோஷமாவே இருக்கு, அதுல குறை சொல்ல எனக்கு மனசில்ல.

ஆனா கணக்கு ஒண்ணு மிச்சம் இருக்கு. ஹின்ஸ்டேல் ரெண்டு தடவை தோத்து மூணாவது தடவை கேட்டுப் பணம் வாங்குச்சு, ஏன்னா வீடுகளோட மதிப்பு அவ்வளவு, கொஞ்சம் வரி ஏத்தினாலே கோடிக்கணக்குல வரும். அதே சதவீத வரியை மேவுட்ல ஏத்தினா வர்ற தொகை வேற. இல்லினாய் 2017ல நிதிப் பங்கீட்டுச் சட்டத்தை மாத்தி, குறைவா இருக்குற டிஸ்ட்ரிக்டுக்கு மாநிலப் பணம் மொதல்ல போகணும்னு வெச்சாங்க, அது நல்ல திசை. ஆனா அந்தப் பணம் ஆசிரியருக்கும் வகுப்புக்கும்தான் கணக்குப் பண்ணினது, குளம் கட்ட இல்ல.

மேவுட்ல ஃப்ரெட் ஹாம்ப்டன் கேட்ட பொதுக்குளம் அவர் போனப்புறம்தான் வந்துச்சு. இப்போ அதுக்கு அவர் பேர்தான், ஃப்ரெட் ஹாம்ப்டன் ஃபேமிலி அக்வாட்டிக் சென்டர். முன்னால அவரோட மார்பளவுச் சிலை இருக்கு. துண்டைத் தோள்ல போட்டுக்கிட்டு உள்ள போற பிள்ளைங்க அதைத் தாண்டித்தான் போகணும்.